‘உண்மையைச் சொன்னேன்’: ஒரு சினிமா வசனம் நம் வாயில் வந்து உட்காருவது எப்படி?

போச்சம்பள்ளி ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் கொஞ்ச நேரம் காதைத் திறந்து வைத்துக்கொண்டு நடந்து பாருங்கள். புளிக்கு விலை குறைக்கச் சொல்கிறவரிடம் வியாபாரி, “நான் ஒரு தடவை சொன்னா நூறு தடவை சொன்ன மாதிரி” என்பார். ஆட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கும் பையனுக்கு யோசனை சொல்ல வந்த சித்தப்பாவுக்கு, “நீ ஆணியே புடுங்க வேணாம், போ சித்தப்பா” என்று பதில் கிடைக்கும். முடியப் போன பேரத்தை யாராவது குறுக்கே புகுந்து கலைத்துவிட்டால், “பத்த வச்சுட்டியே பரட்டை!” இவர்கள் யாரும் அங்கே சினிமாவைப் பற்றிப் பேசவில்லை. அவரவர் பிழைப்பைப் பேசுகிறார்கள். அதற்குச் சினிமா வசனம் கைகொடுக்கிறது.

மூன்றும் வெவ்வேறு காலத்து வரிகள். பரட்டை 1977இல் வந்த ‘16 வயதினிலே’. நூறு தடவை 1995இல் வந்த ‘பாட்ஷா’. ஆணி 2001இல் வந்த ‘ஃப்ரெண்ட்ஸ்’. அந்தந்த வருஷம் வந்த மற்ற படங்களில் பேசப்பட்ட ஆயிரக்கணக்கான வரிகள் போன இடம் தெரியவில்லை. இவை மட்டும் ஏன் நின்றன? இந்தத் துறையைப் பற்றி ஒன்றும் தெரியாதவர்களுக்கும் புரிகிற மாதிரி இதைச் சொல்லிப் பார்க்கிறேன்.

முதலில் ஒரு விஷயம். படத்தில் பேசப்படும் எல்லாமே வசனம்தான். “தண்ணி குடுங்க” என்பதும் வசனம், “சாயங்காலம் வர்றேன்” என்பதும் வசனம். அதில் சொடுக்குப் போட்ட மாதிரி வந்து விழுகிற வரியை ‘பஞ்ச்’ என்கிறோம். மனதில் நிற்கும் வரிகள் எல்லாம் பஞ்ச் என்று பலர் நினைக்கிறார்கள். பஞ்ச் என்று எழுதியவற்றில் பெரும்பாலானவை படம் தியேட்டரைவிட்டுப் போவதற்குள் மறந்துவிடுகின்றன. சாதாரணமாகச் சொல்லப்பட்ட சில வார்த்தைகள் முப்பது வருஷம் நிற்கின்றன. வித்தியாசம் வார்த்தையில் இல்லை. அந்த வார்த்தைக்கு முன்னால் என்ன நடந்தது என்பதில் இருக்கிறது. இந்தக் கட்டுரையில் நான் சொல்ல வருவது முக்கியமாக இதுதான்.

‘பாட்ஷா’விலேயே ஒரு காட்சியை எடுத்துக்கொள்வோம். ஆட்டோ ஓட்டும் மாணிக்கம் தங்கைக்கு மருத்துவக் கல்லூரியில் இடம் கேட்டுப் போகிறார். தங்கையை வெளியே நிறுத்திவிட்டு அவர் மட்டும் உள்ளே பேசுகிறார். நடுவில் கண்ணாடி. தங்கையைப் போல நமக்கும் உருவம்தான் தெரிகிறது, பேச்சு கேட்கவில்லை. உட்கார்ந்திருந்த பெரிய மனிதரின் முகம் மாறுவது தெரிகிறது. இடம் கிடைத்துவிடுகிறது. வெளியே வந்தவரிடம் தங்கை, அப்படி என்னதான் சொன்னீர்கள் என்று கேட்கிறாள். “உண்மையைச் சொன்னேன்.”

இரண்டே வார்த்தை. அதில் எதுகை இல்லை, மோனை இல்லை, உவமை இல்லை. நம் ஊரில் எந்த அண்ணனும் எந்தத் தங்கையிடமும் சொல்லக்கூடிய பேச்சு. ஆனால் தியேட்டர் அதிர்ந்தது. காரணத்தைப் பாருங்கள். கண்ணாடிக்குப் பின்னால் அவர் என்ன சொன்னார் என்று நமக்குத் தெரியாது. இந்த ஆள் வெறும் ஆட்டோக்காரர் இல்லை என்று அதற்குள் ஒரு சந்தேகம் நமக்குள் விதைக்கப்பட்டிருக்கிறது. கேட்காமல் விட்ட அந்தப் பேச்சை ஒவ்வொருவரும் தன் மனதுக்குள் தானே எழுதிக்கொள்கிறோம். நாம் எழுதியதற்கு அவர் கையெழுத்து மட்டும் போடுகிறார். அந்தக் கண்ணாடியை எடுத்துவிட்டு, உள்ளே நடந்த பேச்சையும் கேட்க வைத்திருந்தால் இந்த வரி ஒன்றுமே இல்லை. இப்படி ஒரு காட்சியில் எதைக் கேட்க வைப்பது, எதை மறைப்பது என்று முடிவு செய்வதுதான் வசனம் எழுதுகிற வேலையில் பெரிய பங்கு. பேனா பிடிப்பது அதற்கு அப்புறம்.

இதையே வேறு விதமாகச் செய்தது 1954இல் வந்த ‘மனோகரா’. பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகம், சினிமாவுக்கு வசனம் மு. கருணாநிதி. அதில் தாய், மகனைப் பொறுத்துக்கொள், பொறுத்துக்கொள் என்றே கட்டிப்போட்டு வைத்திருப்பாள். அவமானம் மேல் அவமானம் வரும். மகன் பல்லைக் கடித்துக்கொண்டு நிற்பான். அவன் பொறுமுவதைப் பார்த்து நமக்கும் மூச்சு முட்டும். கடைசியில் சங்கிலியில் கட்டுண்டு நிற்கும் மகனைப் பார்த்து அதே தாய், கண்ணாம்பா, சொல்கிறார்: “பொறுத்தது போதும், பொங்கி எழு!” அந்த வரியை வேறு யார் சொல்லியிருந்தாலும் அது ஒரு மேடை முழக்கம். பொறு என்று சொன்ன அதே வாய் சொன்னதால்தான் அணை உடைந்தது. ‘பொறு’, ‘போ’, ‘பொங்கு’ என்று உதடு மூடி வெடிக்கிற ஒலிகளும் சேர்ந்துகொண்டன. ஒலி உதவியது உண்மை. ஆனால் பளுவைத் தூக்கியது காட்சி.

இன்னொன்று, எனக்கு எல்லாவற்றையும்விடப் பிடித்தது. 1987இல் வந்த ‘நாயகன்’. முழு வாழ்க்கையையும் பார்த்து முடித்த பிறகு, பேரன் தாத்தாவிடம் கேட்கிறான், “நீங்க நல்லவரா, கெட்டவரா?” படம் பார்க்கிற ஒவ்வொருவரும் இரண்டரை மணி நேரமாக உள்ளுக்குள் கேட்டுக்கொண்டிருந்த கேள்வி அது. பதிலாகக் கெட்டிக்காரத்தனமான ஒரு வரி வந்திருக்கலாம். வசனம் எழுதிய பாலகுமாரனுக்கு அப்படி எழுதத் தெரியாதா என்ன? ‘பாட்ஷா’வுக்கும் அவர்தான் வசனம். ஆனால் இங்கே வந்த பதில் “தெரியலையேப்பா”. எழுத்தாளர் தன் திறமையைக் காட்டாமல் ஒதுங்கி நின்ற இடம் இது. அந்த ஒதுங்கலுக்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும் என்று எழுதிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

நம் தர்மபுரிக்காரர்களுக்கு இந்த வித்தை புதிதில்லை. இன்றைய தர்மபுரியான தகடூரை ஆண்ட அதியமானுக்காக ஔவையார் தொண்டைமானிடம் தூது போனார். அவன் தன் ஆயுதசாலையைக் காட்டிப் பெருமைப்பட்டான். ஔவை அங்கே பேசியது புறநானூற்றில் 95ஆம் பாட்டாக இருக்கிறது. உன்னுடைய ஆயுதங்கள் மயில்பீலி கட்டி, மாலை சூட்டி, நெய் பூசி, காவலோடு அழகாக வைக்கப்பட்டிருக்கின்றன. எங்கள் அரசனுடைய வேல்களோ பகைவரைக் குத்தி முனை சிதைந்து, எப்போதும் கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன. அவ்வளவுதான். நீ போர் தெரியாதவன், எங்கள்மேல் வராதே என்று ஒரு சொல்கூட இல்லை. பாராட்டுவதுபோலவே பேசி முடித்தார். மிச்சத்தைத் தொண்டைமானே புரிந்துகொள்ள வேண்டியதுதான். அதியமான்கோட்டை வழியாகப் போகும்போதெல்லாம், வசனம் எழுத நினைக்கிற பிள்ளைகளுக்கு முதல் பாடமாக இந்தப் பாட்டைத்தான் கொடுக்க வேண்டும் என்று தோன்றும்.

சரி, பஞ்ச் எங்கிருந்து வந்தது? என் பார்வையில் அதன் தாய்வீடு கூத்து. தர்மபுரி, கிருஷ்ணகிரி இரண்டு மாவட்டத்திலும் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் நடக்கும். பகலில் பிரசங்கம், ராத்திரி கூத்து, கடைசியில் மண்ணால் செய்த பெரிய துரியோதனன் உருவத்தோடு படுகளம், அதாவது அவன் வீழ்கிற காட்சி. கூத்தில் வேஷக்காரர் சட்டென்று வந்து நின்றுவிட மாட்டார். இரண்டு பேர் திரை பிடிப்பார்கள். திரைக்கு மேலே கிரீடம் மட்டும் தெரியும். கால் சலங்கை கேட்கும். கட்டியங்காரன், வருவது யார், எந்த தேசத்து ராஜா என்று கேட்பான். அதற்கு அப்புறம்தான் திரை விலகி, வேஷம் தன் பெயரையும் பெருமையையும் தானே சொல்லும். கதாநாயகன் ஷூவைக் காட்டி, முதுகைக் காட்டி, கடைசியில் முகத்தைக் காட்டி, தான் யார் என்று சொல்கிறாரே, அதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? கூத்து பார்த்து வளர்ந்தவர்களுக்கு ‘என்ட்ரி’ என்பது பழகிய சங்கதி. ஆனால் அங்கே துரியோதனன் முதல் ராத்திரி சொன்ன பெருமைக்கெல்லாம் படுகளத்தில் கணக்குத் தீர்க்கப்படும். அந்தக் கணக்கு இல்லாத பெருமை வெறும் சத்தம். இன்றைய பஞ்ச் பல நிற்காமல் போவதற்குக் காரணம் அதுதான் என்று நினைக்கிறேன்.

இப்போது எழுதுகிறவர்களிடம் வருவோம். நம் பக்கத்திலிருந்தே தொடங்கலாம். 1965 வரை தர்மபுரி, சேலம் மாவட்டத்துக்குள் இருந்தது. அந்தச் சேலத்தில் டி.ஆர். சுந்தரம் நடத்திய மாடர்ன் தியேட்டர்ஸ், எழுத்தாளர்களை வேலைக்கு வைத்துப் படம் எடுத்த ஸ்டுடியோ. கருணாநிதியும் கண்ணதாசனும் அங்கே வேலை பார்த்தவர்கள். 1950இல் அங்கிருந்து வந்த ‘மந்திரி குமாரி’யில் வில்லன் சொன்ன “கொள்ளையடிப்பது ஒரு கலை” என்ற வரி இன்றும் பேச்சில் புழங்குகிறது. ஏற்காடு போகிறவர்கள் அந்த ஸ்டுடியோவின் வளைவை வழியில் பார்த்திருப்பீர்கள்.

அடுத்து 1952 தீபாவளிக்கு ‘பராசக்தி’. கோர்ட்டில் குணசேகரன் பேசும் நீண்ட வசனத்தில் “ஓடினாள், ஓடினாள், வாழ்க்கையின் ஓரத்துக்கே ஓடினாள்” என்று வரும். சத்தமாகச் சொல்லிப் பாருங்கள். ஓகாரம் திரும்பத் திரும்ப வந்து, பேசுகிறவரையே ஓட வைக்கும். மனப்பாடம் செய்ய வசதியான கட்டுமானம். பாய்ஸ் கம்பெனி நாடகங்களில் மூச்சுப் பயிற்சி பெற்று வந்து, குணசேகரனாக நடித்த சிவாஜி கணேசனுக்கு அது சரியாகப் பொருந்தியது. ‘கதை வசனம்’ யார் என்று பார்த்து ஜனங்கள் தியேட்டருக்குப் போன காலம் அது.

பிறகு மேடைத் தமிழ் கொஞ்சம் கொஞ்சமாக இறங்கிப் பேச்சுத் தமிழ் ஏறியது. ‘16 வயதினிலே’க்கு வசனம் எழுதிய கலைமணி, “இது எப்படி இருக்கு?” என்ற நான்கு பேர் கூடினால் எங்கேயும் கேட்கிற கேள்வியைப் பரட்டையின் வாயில் வைத்தார். அதைப் பேசிய ரஜினிகாந்தின் குடும்பத்துப் பூர்வீகம் நம் கிருஷ்ணகிரி மாவட்டத்து நாச்சிக்குப்பம் என்பது இந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். அவர் வேகமாக, வெட்டி வெட்டிப் பேசுவார். நீண்ட வசனத்துக்கு அந்த நடை சரிப்படாது. குட்டி வரிக்கு அதைவிடப் பொருத்தமான நடை கிடையாது. யார் வாய்க்கு எழுதுகிறோம் என்பது அவ்வளவு முக்கியம். சிவாஜி பேசிய கோர்ட் வசனத்தைப் பரட்டையிடம் கொடுத்தால் இரண்டும் கெட்டுவிடும்.

வட்டார வழக்கு இன்னொரு பெரிய கதை. 1994இல் வந்த ‘நாட்டாமை’க்குக் கதை வசனம் ஈரோடு சௌந்தர். பெயரிலேயே ஊர் இருக்கிறது. “நாட்டாமை, தீர்ப்ப மாத்திச் சொல்லு” என்ற வரியை இன்று கிரிக்கெட் அம்பயருக்குச் சொல்கிறார்கள், வீட்டில் அம்மாவுக்குச் சொல்கிறார்கள். தன் ஊர்ப் பஞ்சாயத்தைக் காதால் கேட்டு வளர்ந்தவர் எழுதும்போது அந்த மிடுக்கு தானாக வருகிறது. நம் பக்கத்துப் பேச்சில் தெலுங்கும் கன்னடமும் கலந்து ஓடுகிறது. ஓசூர் டீக்கடையில் ஒரே பெஞ்சில் மூன்று பாஷையும் கேட்கலாம். அதைச் சரியாகக் காதில் வாங்கி எழுதிய வசனகர்த்தா இன்னும் நமக்கு அமையவில்லை என்பது என் ஆதங்கம்.

சிரிப்பு வசனத்துக்கு வருவோம். இதில் இரண்டு சொற்களைத் தெரிந்துகொள்ளுங்கள்: லீட், கவுண்டர். லீட் என்பது எடுத்துக் கொடுப்பது. கவுண்டர் என்பது திருப்பி அடிப்பது. 1989இல் வந்த ‘கரகாட்டக்காரன்’ வாழைப்பழக் காமெடியில் செந்தில் “அதான்ணே இது” என்கிறார். அதில் சிரிக்க என்ன இருக்கிறது? தனியாகப் பார்த்தால் ஒன்றுமில்லை. அதற்கு முன் கவுண்டமணி எவ்வளவு பொறுமையாக, வக்கீல் மாதிரி, கேள்விகளைப் படிப்படியாக அடுக்குகிறார் என்று பாருங்கள். பழம் வாங்கச் சொன்னேனா, சொன்னீங்க. ரெண்டு வாங்கச் சொன்னேனா, சொன்னீங்க. ஒன்று இங்கே இருக்கிறது, இன்னொன்று எங்கே? அந்த லீட் சுவர் கட்டுவது போன்றது. ஒரு கல் விட்டுப்போனாலும் கடைசி வரி சரிந்துவிடும். கவுண்டமணி, செந்தில் ஜோடிக்கு இப்படிப் பல காமெடி டிராக்குகளை எழுதியவர் ஏ. வீரப்பன். அந்தக் காமெடியை வரிக்கு வரி சொல்லத் தெரிந்தவர்களில் அவர் பெயர் தெரிந்தவர்கள் எத்தனை பேர்? எனக்கு இது உண்மையிலேயே வருத்தம் தரும் விஷயம். வட இந்தியாவில் இந்திப் பட எழுத்தாளர்கள் சலீம், ஜாவேத் இருவரும் 1973இல் ‘ஜஞ்சீர்’ வந்தபோது, போஸ்டர்களில் தங்கள் பெயர் இல்லை என்று ஆள் வைத்துப் பெயிண்டால் எழுத வைத்தார்கள். இரண்டு வருஷம் கழித்து அவர்கள் எழுதிய ‘ஷோலே’, ஓசூரைத் தாண்டிப் பெங்களூருக்கு அந்தப் பக்கம் இருக்கும் ராமநகரத்துப் பாறைகளில் படமானது. அதில் வில்லன் கப்பர் சிங் கேட்ட “கித்னே ஆத்மி தே?” என்ற கேள்வியில், எத்தனை பேர் இருந்தார்கள் என்பதைத் தவிர வேறொன்றும் இல்லை. ஆனாலும் அது வசன இசைத்தட்டாகவே விற்றது.

எல்லாமே பேப்பரில் எழுதப்பட்டதா என்று கேட்டால், இல்லை. ஸ்பாட்டில் நடிகர் போடுவதும் உண்டு. 1976இல் வந்த ‘டாக்ஸி டிரைவர்’ படத்தில், ராபர்ட் டி நீரோ கண்ணாடியைப் பார்த்து, “என்கிட்டயா பேசுற?” என்று கேட்கும் காட்சிக்கு, ஸ்கிரிப்டில் அவன் கண்ணாடி முன் தனக்குத்தானே பேசிக்கொள்கிறான் என்ற அளவில்தான் இருந்தது. வார்த்தை அவருடையது. 1975இல் வந்த ‘ஜாஸ்’ படத்தில் சுறாவை முதல்முறை கிட்டத்தில் பார்த்துவிட்டு, இன்னும் பெரிய படகு வேண்டும் என்று சொல்வதும் நடிகர் ராய் ஷைடர் போட்டதுதான். இதை வைத்து எழுத்தாளர் தேவையில்லை என்று சிலர் பேசுவார்கள். அது தவறு. தனிமையில் வெந்துகொண்டிருக்கும் அந்த டிரைவரைக் கண்ணாடி முன் கொண்டுவந்து நிறுத்தியவர் யார்? எழுதிய பால் ஷ்ரேடர். நிறுத்திய இடம் சரியாக இருந்ததால்தான் வார்த்தை தானாக வந்தது.

காதுக்கும் ஒரு பங்கு உண்டு. அந்தக் காலத்தில் எங்கள் பக்கத்தில் கல்யாண வீட்டிலும் காது குத்திலும் குழாய் ரேடியோ கட்டினால், பாட்டு முடிந்ததும் வசன கேசட் போடுவார்கள். ‘திருவிளையாடல்’ தருமி, ‘கட்டபொம்மன்’, அப்புறம் 1984இல் வந்த ‘விதி’ கோர்ட் சீன். ‘விதி’க்கு வசனம் எழுதியவர் ஆரூர்தாஸ். படத்தைப் பார்க்காமலே அந்த வழக்கை மனப்பாடமாகச் சொன்ன பெரியம்மாக்கள் ஒவ்வொரு ஊரிலும் இருந்தார்கள். களை எடுத்துக்கொண்டே யார் பக்கம் நியாயம் என்று வாதாடுவார்கள். முகம் தெரியாமல், காட்சி தெரியாமல், குரல் மட்டும் வைத்து ஒரு வசனம் நிற்கிறதா என்பதற்கு அதைவிடக் கடுமையான சோதனை இல்லை.

டப்பிங் படங்களுக்கு எழுதுகிறவர்களின் பாடு தனி. ப, ம வரும்போது உதடு ஒட்டும். திரையில் தெலுங்கு பேசும் வாய் ஒட்டுகிற அதே இடத்தில் தமிழிலும் ஒட்டுகிற எழுத்து விழ வேண்டும், பொருளும் கெடக் கூடாது. அந்த நெருக்கடிக்குள் நல்ல வரி எழுதுகிறவர்களை நான் பெரிதும் மதிக்கிறேன்.

கடைசிக் கை பார்வையாளர்களுடையது. நாம் வசனத்தை அப்படியே சொல்வதில்லை, வாய்க்கு வசதியாகத் திருத்திக்கொள்கிறோம். 1942இல் வந்த ‘காசபிளாங்கா’வில் வருவதாக உலகமே சொல்லும் “மறுபடி வாசி, சாம்” என்ற வரி அந்தப் படத்தில் இல்லவே இல்லை. கதாநாயகி “வாசி, சாம்” என்றுதான் சொல்வாள். ‘மறுபடி’யைச் சேர்த்தது ஜனங்கள். ‘ஃப்ரெண்ட்ஸ்’ வந்து பதினெட்டு வருஷம் கழித்து, 2019இல், கான்ட்ராக்டர் நேசமணிக்காகப் பிரார்த்தனை செய்யுங்கள் என்று இணையமே திரண்டதும் இந்த வகைதான். வடிவேலு ஒரு சுத்தியலடி வாங்கிய காட்சிக்கு அப்படி ஒரு மறுவாழ்வு வரும் என்று எடுத்தவர்களே எண்ணியிருக்க மாட்டார்கள்.

இதையெல்லாம் நீங்களே சோதித்துப் பார்க்க எளிய வழி உண்டு. உங்களுக்குப் பிடித்த ஒரு வசனத்தை எடுத்துக்கொள்ளுங்கள். யூடியூபில் அந்த வரியை மட்டும் வெட்டிப் போட்டிருக்கும் துண்டைப் பாருங்கள். அப்புறம் முழுப் படத்தில் அதற்கு முந்தைய ஐந்து நிமிடத்தோடு சேர்த்துப் பாருங்கள். அந்த ஐந்து நிமிடத்தில் யார் எதை மறைத்தார்கள், யார் எதைக் கேட்காமல் விட்டார்கள் என்று ஒரு தாளில் குறியுங்கள். பிறகு அந்த வரிக்குப் பதிலாக நீங்கள் வேறு ஒன்றை எழுதிப் பாருங்கள். உங்கள் வரி நீளமாகத்தான் வரும், முதலில் எல்லோருக்கும் அப்படித்தான் வரும். அதிலிருந்து, காட்சி ஏற்கெனவே சொல்லிவிட்டதையெல்லாம் அடித்துக்கொண்டே வாருங்கள்.

படத்தைத் தொடக்கத்துக்கு ஓட்டி, டைட்டில் கார்டில் ‘வசனம்’ என்று வரும் இடத்தில் நிறுத்தி அந்தப் பெயரைப் படித்துவிடுங்கள். அடுத்த முறை சந்தையிலோ டீக்கடையிலோ அந்த வரியைச் சொல்லும்போது பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள்.